எழுதியவர் பெயர் எங்கே?

ஆசிரியருக்கு, வணக்கம். ‘பீசஸ் ஆஃப் எ உமன்’ பற்றி உங்கள் சினிமா பக்கத்தில் படித்தேன். நாயகி வனெஸ்ஸா கர்பிக்கு 2020 வெனிஸ் திரைப்பட விழாவில் கிடைத்த விருது, இயக்குநர் கோர்னேல் முந்த்ருட்சோ, எல்லாம் இருந்தது, சரி, கதை எழுதிய காட்டா வேபர் பெயரை மட்டும் காணோம்.

ஹங்கேரியில் நடிகையாகத் தொடங்கி எழுத்துக்கு வந்தவர் அவர். 2014-இல் கான் விழாவின் ‘அன் செர்டெயின் ரிகார்ட்’ பிரிவில் முதல் பரிசு வாங்கிய ‘வைட் காட்’ படத்துக்கும் (தெருநாய்கள் கூட்டமாகக் கிளம்பி புடாபெஸ்ட்டைக் கலக்குமே, அதுதான்) இணை எழுத்தாளர். ‘பீசஸ் ஆஃப் எ உமன்’ முதலில் போலந்தின் வார்சாவில் மேடையேறிய நாடகம். அப்புறம்தான் கதைக்களம் அமெரிக்காவின் பாஸ்டனுக்கு மாறி, படமாகி, நெட்ஃபிளிக்ஸில் நம் வீட்டு டிவிக்கும் வந்தது. வெட்டே இல்லாமல் இருபது நிமிடத்துக்கு மேல் போகும் அந்தப் பிரசவக் காட்சியை எல்லோரும் பேசுகிறார்கள். எனக்கு மனதில் நிற்பதோ, குழந்தையைப் பறிகொடுத்தவள் ஆப்பிள் விதைகளை முளைக்க வைத்து ஃப்ரிட்ஜில் பாதுகாப்பதுதான். தம்பதியாக வேபரும் முந்த்ருட்சோவும் கருவிலேயே ஒரு குழந்தையை இழந்தவர்கள் என்று தெரிந்த பிறகு அந்தக் காட்சியை என்னால் சாதாரணமாகப் பார்க்க முடியவில்லை.

அடுத்த முறை ஒரு வரியாவது அவருக்கும் ஒதுக்குங்கள்.

- உங்கள் நெடுநாள் வாசகன்