மூன்றாம் இடத்துக்கு அடுத்த சுற்று வேண்டாம்: ஃபிஃபா பேரவைக்கு ஒரு திறந்த மடல்

ஃபிஃபா பேரவையின் உறுப்பினர்களுக்கும், ஐரோப்பிய, ஆப்பிரிக்க, ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்புகளின் நிர்வாகிகளுக்கும்,

வணக்கம்.

உங்களிடம் கேட்பது ஒரே ஒரு விஷயம். குழுவில் மூன்றாவதாக வந்த அணியை, வேறு குழுக்களில் மூன்றாவதாக வந்த அணிகளோடு ஒப்பிட்டு, தோற்றால் வெளியேற வேண்டிய நாக் அவுட் சுற்றுக்கு அனுப்பும் வழக்கத்தை 2030 உலகக் கோப்பையிலிருந்து கைவிடுங்கள். 24 அணிகள் ஆடும் ஐரோப்பியக் கோப்பையான யூரோ, ஆப்பிரிக்க நாடுகள் கோப்பை, ஆசியக் கோப்பை மூன்றிலும் இதே வழக்கம்தான் இருக்கிறது. அங்கேயும் இது வேண்டாம்.

அணிகளின் எண்ணிக்கை 48 ஆனதை நான் எதிர்க்கவில்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தப் பேச்சை எடுத்தாலே சின்ன நாடுகளை வெளியே தள்ளப் பார்க்கிறார்கள் என்று யாராவது சொல்லிவிடுகிறார்கள். 1966 உலகக் கோப்பையில் இருந்த 16 இடங்களில் ஆப்பிரிக்கா, ஆசியா, ஓசியானியா மூன்றுக்கும் சேர்த்து ஒரே ஓர் இடம்தான் ஒதுக்கப்பட்டது. அதை ஏற்க மறுத்து ஆப்பிரிக்க நாடுகள் மொத்தமாக விலகின. அந்த ஒற்றை இடத்தில் வந்த வட கொரியா, இத்தாலியை 1-0 என்று வீழ்த்திக் காலிறுதிவரை போனது. இடம் கொடுத்தால் என்ன நடக்கும் என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டுமா? 1970-இல் ஆப்பிரிக்காவுக்கென்று தனி இடம் வந்தது. 1982-இல் 24 அணிகள், 1998-இல் 32 அணிகள் என்று கூடியதும் நியாயம்தான். 2026-க்கு கேப் வெர்டே, குராசாவ், ஜோர்டான், உஸ்பெகிஸ்தான் நான்கும் முதல் தடவையாகத் தகுதி பெற்றபோது நான் மனசார மகிழ்ந்தேன்.

என் வருத்தமெல்லாம் அவர்கள் உள்ளே வந்தபிறகு நடப்பதைப் பற்றியது.

கணக்கைப் பாருங்கள். 1998 முதல் 2022 வரை ஏழு உலகக் கோப்பைகளில், குழுச் சுற்றின் 48 ஆட்டங்களில் 16 அணிகள் வெளியேறின. 2026-க்கு நீங்கள் வகுத்த முறையில் 12 குழுக்கள், 72 ஆட்டங்கள். ஒவ்வொரு குழுவிலும் முதல் இரண்டு அணிகளோடு, மூன்றாவதாக வந்தவற்றில் சிறந்த எட்டும் மேலே போகும். அத்தனையும் ஆடி முடித்த பிறகு வெளியேறுவதும் அதே 16 அணிகள்தான். 24 ஆட்டங்களைக் கூட்டியிருக்கிறீர்கள். ஆனால் அவற்றால் கூடுதலாக ஓர் அணியின் தலைவிதிகூடத் தீர்மானமாவதில்லை.

அதைவிடப் பெரிய கோளாறு ஒன்று இருக்கிறது. அதைச் சொல்ல 1982-க்குப் போக வேண்டும்.

அந்த ஆண்டு முதல் தடவையாக உலகக் கோப்பைக்கு வந்த அல்ஜீரியா, தன் முதல் ஆட்டத்திலேயே மேற்கு ஜெர்மனியை 2-1 என்று தோற்கடித்தது. அடுத்து ஆஸ்திரியாவிடம் தோற்றது. ஜூன் 24 அன்று சிலியை 3-2 என்று வென்று தன் ஆட்டங்களை முடித்துக்கொண்டது. மேற்கு ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் மோத வேண்டிய ஆட்டம் மறுநாள். மேற்கு ஜெர்மனி ஒரு கோலிலோ இரண்டு கோலிலோ வென்றால் இரண்டு அணிகளுமே அடுத்த சுற்றுக்குப் போகலாம், அல்ஜீரியா வீட்டுக்குப் போகும். இது இரண்டு அணிகளுக்கும் களமிறங்கும் முன்பே தெரியும். ஸ்பெயினின் ஹிஹோன் நகரத்து மைதானத்தில் பத்தாவது நிமிடத்தில் மேற்கு ஜெர்மனியின் ஹ்ருபெஷ் ஒரு கோல் போட்டார். அப்புறம் நடந்ததை ஆட்டம் என்று சொல்ல மனம் வரவில்லை. மீதி நேரத்தின் பெரும்பகுதி பந்து நடு மைதானத்திலும், பின்வரிசைக்கும் கோல்கீப்பருக்கும் இடையிலுமே உருண்டுகொண்டிருந்தது. பார்வையாளர் வரிசையிலிருந்த அல்ஜீரியர்கள் பணத்தாள்களை எடுத்து ஆட்டிக் காட்டினார்கள். ஆஸ்திரியத் தொலைக்காட்சியின் வர்ணனையாளரே பெட்டியை அணைத்துவிடும்படி நேயர்களிடம் சொன்னார். அல்ஜீரியா முறைப்படி புகார் கொடுத்தது. உங்கள் அமைப்பு அதை நிராகரித்தது. எந்த விதியும் மீறப்படவில்லை என்பது உண்மை, ஏனென்றால் அப்படிப்பட்ட விதியே அன்று இல்லை.

அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே இதற்கான எச்சரிக்கை கிடைத்திருந்தது. 1978-இல் இரண்டாம் குழுச் சுற்றின் கடைசி நாளில் பிரேசில் போலந்தை 3-1 என்று வென்று முடித்த பிறகுதான் அர்ஜென்டினா, பெருவை எதிர்த்துக் களமிறங்கியது. இறுதி ஆட்டத்துக்குப் போக நான்கு கோல் வித்தியாசத்தில் ஜெயிக்க வேண்டும் என்று அர்ஜென்டினாவுக்குத் தெரியும். 6-0 என்று ஜெயித்தது. அந்த ஆட்டத்தைப் பற்றிய சந்தேகப் பேச்சு இன்றுவரை ஓயவில்லை. சந்தேகம் சரியோ தவறோ, அதற்கு இடம் கொடுத்தது கால அட்டவணை.

ஹிஹோனுக்குப் பிறகு நீங்கள் ஒரு நல்ல காரியம் செய்தீர்கள். 1986 முதல் ஒரு குழுவின் கடைசி இரண்டு ஆட்டங்களும் ஒரே நேரத்தில் தொடங்குகின்றன. கால்பந்துப் போட்டிகளின் வரலாற்றில் இவ்வளவு எளிமையாக இவ்வளவு நியாயம் சேர்த்த விதி வேறு உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. 2022 டிசம்பர் 1 இரவு அந்த விதி தந்த பரிசு. ஜப்பான் ஸ்பெயினை முந்திக்கொண்டிருக்க, வேறொரு மைதானத்தில் கோஸ்டா ரிகா ஜெர்மனியை முந்த, சில நிமிடங்களுக்கு ஸ்பெயினும் ஜெர்மனியும் சேர்ந்தே வெளியேறும் நிலை. மறுநாள் தென் கொரியா போர்ச்சுகலை 2-1 என்று வென்றுவிட்டு, மைதானத்தின் நடுவே கூடி நின்று, கானாவுக்கு எதிரான உருகுவேயின் ஆட்டம் முடியக் காத்திருந்தது. புள்ளி சமம், கோல் வித்தியாசம் சமம், அதிக கோல் அடித்ததால் கொரியா உள்ளே. நான்கு அணிகள், ஒரே மணி நேரம், யாருக்கும் எதுவும் முன்கூட்டித் தெரியாது.

ஆனால் அதே 1986-இல், அதே போட்டியில், மூன்றாம் இடத்து ஒப்பீட்டையும் கொண்டுவந்தீர்கள். ஒரு குழுவுக்குள் மூடிய ஓட்டையைக் குழுக்களுக்கு இடையே திறந்துவிட்டீர்கள்.

அந்தத் தடவை என்ன ஆனது? ஹங்கேரி கனடாவை வென்றிருந்தது, மற்ற இரண்டிலும் தோற்றது. அன்று ஒரு வெற்றிக்கு இரண்டு புள்ளிதான், கைவசம் அந்த இரண்டு புள்ளி. ஜூன் 9 அன்று அதன் ஆட்டங்கள் முடிந்தன. உருகுவே ஒரு டிரா செய்துவிட்டு, டென்மார்க்கிடம் 6-1 என்று நொறுங்கியிருந்தது. ஜூன் 13 அன்று ஸ்காட்லாந்தோடு ஆடும்போது உருகுவேக்கு ஒரு டிரா போதும் என்று நன்றாகத் தெரியும். முதல் நிமிடத்திலேயே அதன் வீரர் பட்டிஸ்டா சிவப்பு அட்டை வாங்கியும், பத்துப் பேரோடு மீதி நேரம் முழுக்கத் தடுத்தாடி 0-0 என்று முடித்தது. ஓர் ஆட்டம்கூட ஜெயிக்காத உருகுவேயும் பல்கேரியாவும் அடுத்த சுற்றுக்குப் போயின. ஓர் ஆட்டம் ஜெயித்த ஹங்கேரி வெளியே. உருகுவே வீரர்களை நான் குறை சொல்லவில்லை. நான்கு நாள் கழித்து ஆடிய அவர்களுக்குத் தெரிந்த கணக்கு ஹங்கேரிக்குத் தெரியாது என்பதுதான் என் மனக்குறை.

இது பழங்கதை அல்ல. 2016 யூரோவில் அல்பேனியா, தான் ஆடிய முதல் பெரிய போட்டியிலேயே ருமேனியாவை 1-0 என்று வென்றது. அந்த நாட்டுக்கு அது எவ்வளவு பெரிய நாள் என்று சொல்ல வேண்டியதில்லை. பிறகு மூன்று நாள் மற்றக் குழுக்களின் முடிவுகளைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தார்கள். கடைசியில் இல்லை என்றாகிவிட்டது. 2024 யூரோவில் ஹங்கேரி ஸ்காட்லாந்துக்கு எதிராக நூறாவது நிமிடத்தில் கோல் அடித்து ஜெயித்தது. மறுபடி மூன்று நாள் காத்திருப்பு. ஜார்ஜியா போர்ச்சுகலை 2-0 என்று வென்ற இரவில் அது முடிந்தது. ஜார்ஜியா அபாரமாக ஆடியது, அதன் வெற்றியில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் ஹங்கேரி தோற்றது, தன் எதிரே ஒரு நிமிடம்கூட நிற்காத ஓர் அணியிடம்.

மறுபக்கத்தையும் நேர்மையாகப் பேச வேண்டும். இந்த முறை அழகான கதைகளையும் தந்திருக்கிறது. 1990-இல் அர்ஜென்டினாவும் 1994-இல் இத்தாலியும் குழுவில் மூன்றாவதாக வந்து இறுதி ஆட்டம்வரை போயின. 2016-இல் போர்ச்சுகல் மூன்று ஆட்டங்களையும் டிரா செய்து, மூன்றாவதாக வந்து, கோப்பையையே வென்றது. எல்லாவற்றையும்விட ஐவரி கோஸ்ட். 2024 தொடக்கத்தில் தன் சொந்த மண்ணில் நடந்த ஆப்பிரிக்க நாடுகள் கோப்பையில் எக்குவடோரியல் கினியிடம் 4-0 என்று தோற்று, பயிற்சியாளரை அனுப்பிவிட்டு, ஜாம்பியாவை மொராக்கோ வென்ற தயவில் அடுத்த சுற்றுக்குள் நுழைந்தது. பிறகு இடைக்காலப் பயிற்சியாளர் எமர்ஸ் ஃபாயேயின் பொறுப்பில், இறுதி ஆட்டத்தில் நைஜீரியாவை 2-1 என்று வென்று கோப்பையைத் தூக்கியது. அதைப் பார்த்து நெகிழாதவர் இருக்க முடியாது. நானும் நெகிழ்ந்தேன். ஆனால் அந்த மகிழ்ச்சி மொராக்கோவின் கையில் இருந்தது, ஐவரி கோஸ்ட் வீரர்களின் காலில் இல்லை. மொராக்கோ அன்று அசதியாக ஆடியிருந்தால் என்ன ஆகியிருக்கும்?

இப்போது 12 குழுக்கள் என்பதால் சிக்கல் பெரிதாகிவிட்டது. கடைசிச் சுற்று ஆட்டங்கள் பல நாள்களில் நடக்கின்றன. முதலில் முடிக்கும் குழுக்கள் கண்ணைக் கட்டிக்கொண்டு ஆடுகின்றன, கடைசியில் முடிக்கும் குழுக்கள் எல்லாம் தெரிந்து ஆடுகின்றன. இரண்டு அணிகளுக்கும் டிரா போதும் என்ற நிலை கடைசி நாளில் வந்தால், ஒரே நேரத்தில் ஆட்டத்தைத் தொடங்கிப் பயனில்லை. 12 மூன்றாம் இடங்களில் எந்த எட்டு உள்ளே வரும் என்பதற்கு 495 சேர்க்கைகள் இருக்கின்றன. அதனால் குழுவில் முதலாவதாக வந்த சில அணிகளுக்கே, கடைசிக் குழு முடியும்வரை அடுத்து யாரோடு ஆடப்போகிறோம் என்று தெரியாது.

சரி, மாற்று என்ன? 12 குழுக்களையும் அப்படியே வைத்துக்கொள்ளுங்கள். முதல் இரண்டு இடங்களில் வரும் 24 அணிகள் மட்டும் மேலே போகட்டும். குழுவில் முதலாவதாக வந்தவர்களில் சிறந்த எட்டு அணிகள் நேராகக் கடைசி 16-க்குப் போகட்டும். மீதி நான்கு முதலிடங்களும் 12 இரண்டாம் இடங்களும், அதாவது 16 அணிகள், எட்டு ஆட்டங்களில் மோதி மிச்ச எட்டு இடங்களை நிரப்பட்டும். இதில் புதுமை எதுவும் இல்லை. ஐரோப்பாவின் சாம்பியன்ஸ் லீக் 2024-25 முதல் இதேபோலத்தான் நடக்கிறது: முதல் எட்டு அணிகள் நேராகக் கடைசி 16-க்கு, 9 முதல் 24 வரை வந்தவர்கள் பிளே ஆஃபுக்கு. 24 அணிப் போட்டிகளுக்கும் இது பொருந்தும். ஆறு குழுக்கள், 12 அணிகள், சிறந்த நான்கு முதலிடங்கள் நேராகக் காலிறுதிக்கு, மற்ற எட்டு அணிகளுக்கு நான்கு ஆட்டங்கள்.

இதிலும் குழுக்களுக்கு இடையே ஒப்பீடு வருகிறதே என்று கேட்பீர்கள். வருகிறது. ஆனால் அந்த ஒப்பீட்டால் யாரும் வீட்டுக்குப் போக மாட்டார்கள், ஓர் ஓய்வு கிடைக்கும் அல்லது கிடைக்காது, அவ்வளவுதான். இரண்டு ஆட்டங்களை ஜெயித்த அணி மூன்றாவதில் மாற்று வீரர்களை இறக்கிவிட்டு ஒப்பேற்றுவதும் குறையும், அந்த ஓய்வு வேண்டுமென்றால் அதையும் ஜெயிக்கத்தானே வேண்டும். மொத்த ஆட்டங்கள் 104-லிருந்து 96 ஆகும். எட்டு ஆட்டங்களின் வருமானம் போகும் என்பதை மறைக்கவில்லை. நீண்ட கிளப் பருவம் முடிந்து நேராக வந்து ஆடும் வீரர்களுக்கு அந்த எட்டு ஆட்டங்கள் குறைவது பெரிய விஷயம்.

2030-இல் 64 அணிகள் என்று தென் அமெரிக்காவிலிருந்து ஒரு யோசனை வந்திருக்கிறது. 16 குழுக்கள், முதல் இரண்டு இடங்கள் மட்டும் மேலே. மூன்றாம் இடத்துப் பிரச்சினை அங்கே தானாகவே மறையும், அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 128 ஆட்டங்கள் ஆகும், உங்கள் 211 உறுப்பு நாடுகளில் மூன்றில் ஒரு பங்குக்குக் கிட்டத்தட்ட இடம் கிடைக்கும். 10 நாடுகள் மட்டுமே இருக்கும் தென் அமெரிக்கக் கூட்டமைப்பில் தகுதிச் சுற்றுக்கு அப்புறம் என்ன அர்த்தம் இருக்கும்? உஸ்பெகிஸ்தான் இத்தனை ஆண்டுகள் முயன்று பெற்ற இடத்தின் மதிப்பும் அதில் கரைந்துபோகும்.

நீங்கள் முடிவை மாற்றிக்கொள்ளத் தெரியாதவர்கள் அல்ல. 2026-க்கு முதலில் மூன்று அணிகள் கொண்ட 16 குழுக்கள் என்றுதான் தீர்மானித்திருந்தீர்கள். அப்படி ஆடியிருந்தால் ஒவ்வொரு குழுவிலும் ஓர் அணி கடைசி ஆட்டத்தை வெளியே உட்கார்ந்து பார்த்திருக்கும். 2023 மார்ச்சில் ருவாண்டாவின் கிகாலியில் கூடி அதைக் கைவிட்டீர்கள். இரண்டு அணிகள் கூட்டுச்சேரும் ஆபத்து குறையும் என்பதையும் காரணமாகச் சொன்னீர்கள். அந்தக் காரணம் மூன்றாம் இடத்துக்கும் அப்படியே பொருந்துகிறது.

2030-க்கான போட்டி விதிமுறைகளை எழுதும்போது, 24 அணிகள் மேலே போகும் இந்த அமைப்பையும் பேரவையின் முன் வைத்து வாக்கெடுப்புக்கு விடுங்கள். அதற்கு முன் வீரர்களின் சங்கங்களையும், உலகக் கோப்பையில் அணிகளை நடத்திய பயிற்சியாளர்களையும் கூப்பிட்டுக் கேளுங்கள். வேண்டாம் என்று முடிவெடுத்தால், எந்தக் காரணத்துக்காக வேண்டாம் என்பதை எழுத்தில் வெளியிடுங்கள்.

இப்படிக்கு,
உலகக் கோப்பையைத் தவறாமல் பார்க்கும் ஒரு கால்பந்து ரசிகர்