திரைப்படச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை

பொதுக்குழு உறுப்பினர்களுக்கு வணக்கம்.

இந்த ஆண்டு செயற்குழு ஆறு முறை கூடியது. ஐந்து திரையிடல்கள் நடந்தன. புரொஜெக்டர் பல்பு ஒருமுறை மாற்றப்பட்டது.

ஆகஸ்டில் நடந்த மௌனப்பட மாலையைப் பற்றி மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும். “சாப்ளின் போட்டால் கூட்டம் வரும், பஸ்டர் கீட்டனை யாருக்குத் தெரியும்?” என்று செயற்குழுவிலேயே கேட்டார்கள். சாப்ளினை மூன்று முறை போட்டாயிற்று. அதனால் பிடிவாதமாக, சாப்ளின் காலத்து இன்னொரு மௌனப்பட நகைச்சுவை நடிகரான கீட்டனின் ‘ஒன் வீக்’ (1920), ‘தி பிளேஹவுஸ்’ (1921) என்ற இரு குறும்படங்களைத் தேர்ந்தெடுத்தேன். அப்போது கேமராவைக் கையால் சுற்றுவார்கள். வேகம் காட்சிக்குக் காட்சி மாறும். கண்ணை உறுத்தாத வேகம் பிடிபட லேப்டாப்பில் எனக்கு நான்கு இரவுகள் ஆயின. ‘தி பிளேஹவுஸ்’ படத்தில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக நிற்கிறார்களே, அதற்கு ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி லென்ஸில் ஒரு கீற்றை மட்டும் திறந்து படம் பிடித்து, பிலிமைப் பின்னோக்கிச் சுற்றி, மறுபடி அடுத்த கீற்றைப் பிடித்தார். ஒன்பது முறையும் கை பிசகவில்லை. இதை விளக்கத்தான் மைக் கேட்டேன். கிடைக்கவில்லை.

உறுப்பினர்கள் 84 பேர். வந்தவர்கள் 17. மழை என்றார்கள். படம் ஆறு மணிக்கு, மழை எட்டரைக்கு. வந்தவர்களிலும் ஒருவர் ‘ஒன் வீக்’ முடியுமுன் எழுந்துவிட்டார். தண்டவாளத்தில் சிக்கிய வீட்டை நோக்கி ரயில் வருகிறது. பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அவ்வளவுதான் என்று செருப்பைத் தேடினார். எதிர்த்திசையிலிருந்து வந்த இரண்டாவது ரயில் வீட்டை நொறுக்கியபோது அவர் வாசலில் இருந்தார். மண்டபக் காவலாளியின் பேரன்கள் இருவர் மட்டும் நாற்காலியில் ஏறி நின்று சிரித்தார்கள். அவர்கள் உறுப்பினர்கள் அல்ல.

சந்தா நிலுவை 31 பேர். பெயர்களைப் படிக்க வேண்டாமென்று தலைவர் கேட்டுக்கொண்டதால் படிக்கவில்லை. வரவும் செலவும் ஏறக்குறைய ஒத்துப்போகின்றன. சிறு வித்தியாசத்துக்குப் பொருளாளரிடம் விளக்கம் உண்டு.

மண்டபம் தந்தவர்களுக்கும், தேநீர் தந்தவர்களுக்கும், துணைத்தலைவருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு லாரல்–ஹார்டியின் ‘பிக் பிசினஸ்’ (1929) போட ஆசை. கிறிஸ்துமஸ் மரம் விற்கப் போனவர்கள் வீட்டையே பிரித்துப்போடுவார்கள். வீட்டுக்காரர் பதிலுக்கு அவர்களுடைய காரைப் பிரிப்பார். ஆனால் மண்டப வாடகை ஏறுகிறது. செயலாளர் பொறுப்பை வேறு யாராவது ஏற்க முன்வந்தால் சந்தோஷமாகச் சாவியைக் கொடுத்துவிடுவேன். இல்லையென்றால், பொருளாளர் ரசீது புத்தகத்தோடு வாசலருகேதான் உட்கார்ந்திருக்கிறார். சில்லறையும் வைத்திருக்கிறார்.