கூத்துக் களரித் திருப்பணி நிறைவு அறிக்கை

உறுப்பினர்களுக்கு வணக்கம்.

திரௌபதை அம்மன் கோயிலுக்கு எதிரே கூத்துக் களரி, அதாவது தெருக்கூத்து ஆடும் அரங்கம், கட்டும் வேலை முடிந்துவிட்டது. வரவு செலவுக் கணக்கை ரசீதுகளோடு கோயில் சுவரில் ஒட்டியிருக்கிறோம், படித்துவிட்டுக் கேளுங்கள். கணக்குத் தாளில் அடங்காததை இங்கே எழுதுகிறோம்.

கோயில் பெயரில் கேட்டால் 'நமக்கு நாமே' திட்டத்தில் பணம் வராது. வழிபாட்டு இடங்களுக்கு அதில் இடமில்லை. திடல் பஞ்சாயத்து நிலம் என்பதால், பொதுக் கலையரங்கம் என்று எழுதிக் கொடுத்தோம். மூன்றில் ஒரு பங்கு, குடும்பத்துக்கு இவ்வளவு என்று நாம் போட்ட தலைக்கட்டு வரி, மீதி அரசுப் பணம்.

இழுத்தடித்தது வரைபடம்தான். முதலில் வந்தது எல்லா ஊரிலும் இருக்கிற நாடக மேடை: நாலடி உயரம், மூன்று பக்கம் சுவர். கூத்துக் குழுவான ஜமாவின் வாத்தியார் பார்த்துவிட்டு, "இதில் மீட்டிங் போடலாம், கூத்து ஆட முடியாது" என்றார். நியாயம்தான். மூன்று பக்கமும் ஜனம் உட்கார்ந்து பார்க்கிற ஆட்டம். கதையை நடத்திச் சிரிப்புக் காட்டும் கட்டியங்காரன் அவர்களோடு பேசிக்கொண்டே ஆடுகிறவன். பொறியாளரை ஒரு ராத்திரி பக்கத்து ஊர்க் கூத்துக்கே அழைத்துப் போனோம். விடியும்வரை இருந்தார். அப்புறம் உயரம் ஓரடியானது, பக்கச் சுவர்கள் போயின, பின்னால் வேஷம் கட்ட ஓர் அறை வந்தது.

டைல்ஸ் போடவில்லை என்று சிலருக்கு வருத்தம். கிரீடம், புஜக்கட்டை, சலங்கை எல்லாம் கட்டிக்கொண்டு சுழன்று ஆடுகிறவர் வழுக்கி விழுந்தால் யார் பதில் சொல்வது? நடுவில் மண்தரைதான். எஸ்டிமேட்டில் மண்தரைக்கு வழியில்லையாம். சரி என்று நாமே மண் கொட்டிக் கெட்டிப்படுத்தினோம், பெண்கள் சாணம் மெழுகினார்கள்.

காலனித் தெருவில் இதுவரை வரி கேட்டதில்லை. சலுகை என்று சொல்லிக்கொண்டோம். வரி வாங்கினால் உரிமையும் தர வேண்டுமே என்பதுதான் உள்விஷயம். அவர்களும் தெருமுனையில் நின்று பார்த்துவிட்டுப் போனார்கள். இந்த முறை எல்லாத் தலைக்கட்டுக்கும் ஒரே வரி. யார் எங்கே உட்காருவது என்று இரண்டு கூட்டம் சண்டையிலேயே போனது. பொது இடம், பொதுப் பணம், யாருக்கும் தனி இடம் கிடையாது என்று தீர்மானப் புத்தகத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கியாயிற்று. இரண்டு பேர் போடவில்லை.

பெண்களுக்குக் கழிப்பறை இரண்டு. நடுராத்திரியில் அவர்கள் எழுந்து போனதைத் தூக்கம் என்றே இத்தனை வருஷம் நினைத்திருந்தோம்!

'நமக்கு நாமே' திட்டம் சிமெண்டுக்குப் பணம் தரும், ஆடுகிறவர் கூலிக்குத் தராது. அதனால் இயல் இசை நாடக மன்றம் வாத்தியமும் ஆடையும் வாங்கத் தரும் 10,000 ரூபாய்க்கு ஜமாக்காரர்களுக்கு மனு எழுதிக் கொடுத்தோம். 2007இல் தொடங்கிய நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியத்தில் பதிவே செய்யாத நான்கு பேருக்கு அதையும் முடித்தோம்.

மிச்சம் ஒன்று. துரியோதனன் வதத்தை நடத்தும் படுகளத்துக்கு வழக்கமாக அவன் மண் உருவம் போடும் இடத்தில் இப்போது சாய்தளம் வந்துவிட்டது. அதற்கு ஏரிக்கரைப் பக்கம் இடம் பார்த்திருக்கிறோம். ஆட்சேபம் இருந்தால் கொடியேற்றத்துக்கு முன்பே சொல்லிவிடுங்கள். படுகளத்தன்று காலையில் வந்து சண்டை போட வேண்டாம்.

இப்படிக்கு,
திருப்பணிக் கமிட்டி