பாஸ்கருக்கு

அன்புள்ள பாஸ்கர்,

நலம்தானே? இங்கே சர்க்கரை ஏறி இறங்கி விளையாட்டுக் காட்டுகிறது, மற்றபடி சௌக்கியம். கிட்டு இன்னும் அந்தப் பழைய கணக்கைக் கேட்கவில்லை. நீ ஞாபகப்படுத்தித் தொலைக்காதே.

விஷயம் வேறு. அக்கா மகன் அருண் வேலையை விட்டுவிட்டான். கல்குவாரிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போகிறானாம். அக்கா அடுப்பே பற்றவைக்காமல் உட்கார்ந்திருக்கிறாள். "கண்ட படத்தையெல்லாம் போட்டுக் காட்டி நீதான் கெடுத்தாய்" என்று என் மேல் பாய்கிறாள். அந்தக் கேசட்டுகளில் பாதி உன்னுடையவை. ஆகவே பழியிலும் பாதி உனக்கு.

பயலுக்குத் தெய்வம் ஆவணப்பட டைரக்டர் ஆனந்த் பட்வர்தன். நமக்கும் அப்படித்தானே இருந்தது! ஜெயபிரகாஷ் நாராயணின் 1974 பீகார் இயக்கத்தைப் படமெடுக்கக் காசில்லாமல், சூப்பர் 8 என்ற மலிவான சின்ன ஃபிலிமில் எடுத்ததைத் திரையில் ஓடவிட்டு, அதை 16 எம்.எம். கேமராவில் மறுபடி பிடித்தார். எமர்ஜென்சி வந்ததும் பிரிண்டைத் துண்டு துண்டாக்கி வெளிநாட்டுக்குக் கடத்தினார். இதை நீ டீக்கடையில் சொன்னபோது நானும் அருண் மாதிரிதான் வாய் பிளந்து நின்றேன்.

இப்போது யோசித்தால் மனிதர் பாதி டைரக்டர், பாதி வழக்காடி. அயோத்தி ராமர் கோயில் இயக்கத்தைப் பற்றிய 'ராம் கே நாம்' படத்துக்கு யு சான்றிதழும் கிடைத்தது, தேசிய விருதும் கிடைத்தது. ஆனால் தூர்தர்ஷனில் போட மறுத்தார்கள், கோர்ட்டுக்குப் போய்த்தான் போடவைத்தார். 1995இல் முடித்த 'பித்ர, புத்ர் அவுர் தர்மயுத்'தைத் தூர்தர்ஷன் போட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2006இல்! அணுகுண்டுச் சோதனைகளைப் பற்றிய 'ஜங் அவுர் அமன்' படத்தில் தணிக்கைக் குழு 21 வெட்டுகள் கேட்டது. ஒரு வெட்டும் இல்லாமல் காட்டலாம் என்று 2003இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வாங்கிவிட்டார். வக்கீலான உன்னிடம் கேஸ் கொண்டுவரும் கட்சிக்காரர்களில் இத்தனை பொறுமைசாலி எவனாவது உண்டா? ஃபீஸ் கேட்டாலே ஓடிவிடுவார்களே!

அருண் எப்படிச் சாப்பிடுவான் என்பது அக்கா கவலை. எனக்கு அது பெரிதாகப் படவில்லை, எப்படியோ பிழைத்துக்கொள்வான். என்னைத் தூங்கவிடாதது லால்தாஸ். 'ராம் கே நாம்' படத்தில் வருவாரே, நீதிமன்றம் நியமித்த அயோத்திக் கோயில் பூசாரி? குரலை உயர்த்தாமல், நிதானமாக, இதெல்லாம் அரசியல் என்று நேராகவே சொல்வார். 1993இல் அவரைக் கொன்றுவிட்டார்கள். படத்துக்கும் கொலைக்கும் நான் முடிச்சுப் போடவில்லை. ஆனாலும் அந்த முகத்தை இப்போது பார்த்தால் வயிறு என்னவோ செய்கிறது.

பாடகர் விலாஸ் கோக்ரேவும் அப்படித்தான். பட்வர்தனின் 'பம்பாய் அவர் சிட்டி' படத்தில் பாடுவார். 1997 ஜூலையில், அம்பேத்கர் சிலையை அவமதித்ததை எதிர்த்து பம்பாய் ரமாபாய் நகரில் திரண்டவர்கள்மேல் போலீஸ் சுட்டு 10 பேர் இறந்தார்கள். அடுத்த சில நாட்களில் கோக்ரே தூக்குப் போட்டுக்கொண்டார். அந்தச் சாவைத் தொட்டு ஆரம்பித்த 'ஜெய் பீம் காம்ரேட்' படம் முடிய 14 வருஷம் ஆனது. கேமரா முன் பாடியவன் போன பிறகும் அவனை விடாமல் இருந்தார் பார், பட்வர்தனை நான் மதிப்பது அதற்காகத்தான். கோர்ட் வெற்றியெல்லாம் அப்புறம்.

நம் பயலுக்கு அந்த 14 வருஷம் கண்ணில் படவே இல்லை. குவாரியில் கல் உடைக்கும் ஒருவர் முகத்தைக் காட்டியே பேசச் சம்மதித்துவிட்டார் என்று குதிக்கிறான். "படம் வந்த மறுநாள் அவருக்கு வேலை போனால்?" என்றேன். "மாமா, நீங்களும் அம்மா மாதிரியே பயப்படுறீங்க" என்கிறான்.

நான் சொன்னால் எடுபடாது. வக்கீல் மாமா சொன்னால் கேட்பான். அந்த மனிதரிடம் எழுதி வாங்குவதா, முகத்தை மறைப்பதா, குரலையும் மாற்ற வேண்டுமா, நாளைக்கு யாராவது கேஸ் போட்டால் முதலில் யார் தலையில் விழும், எல்லாவற்றையும் புட்டுப் புட்டு வை. படம் எடுக்காதே என்று மட்டும் சொல்லிவிடாதே, அப்புறம் நானே உன்னோடு பேசமாட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை அவனை அனுப்பிவைக்கிறேன். தங்கச்சியிடம் சொல்லி மதியச் சாப்பாடு போடு. அவன் கறி சாப்பிடுவதில்லை, இப்போது அதையும் விட்டுவிட்டான்.

உன்
சண்முகம்