விநியோகப் பிரிவில் சேர்ந்திருக்கும் மகளுக்கு

அன்பு மகளுக்கு,

சினிமா கம்பெனியில் தயாரிப்பில் சேர்க்காமல் விநியோகப் பிரிவில் போட்டுவிட்டார்கள் என்று சொன்னபோது உன் குரலே இறங்கிவிட்டது. எனக்கு என்னவோ அது நல்ல இடமாகத்தான் படுகிறது. காரணம், செசாரியோ கொன்சாலஸ். நீ வேலை பார்க்கும் அதே மாட்ரிடில் கொடிகட்டிப் பறந்த தயாரிப்பாளர், விநியோகஸ்தர். ஃபிலிம் சொசைட்டி நாட்களிலிருந்தே எனக்கு அவர்மேல் ஒரு பிடிப்பு உண்டு.

1903இல் ஸ்பெயினின் வடமேற்கில், கலீசியா பகுதியின் வீகோ நகரில் பிறந்தவர். கலீசியாக்காரர்கள் பலரையும் போலச் சின்ன வயதிலேயே கப்பலேறி, கியூபா, மெக்சிகோ என்று பிழைப்பு தேடிப் போனார். ஊர் திரும்பிக் கார் வியாபாரம் செய்தார். அப்புறம்தான் சினிமா. 1940களின் தொடக்கத்தில் சுவேவியா பிலிம்ஸ் கம்பெனியை ஆரம்பித்தார்.

அது சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சிக்காலம். 1941இலிருந்து வெளிநாட்டுப் படங்களை ஸ்பானிஷில் டப் செய்துதான் ஓட்ட வேண்டும் என்று சட்டம். டப்பிங் லைசென்ஸ் வேண்டுமென்றால் உள்ளூர்ப் படம் எடுக்க வேண்டும். அந்தப் படத்துக்கு அரசு என்ன தரம் போடுகிறதோ அதற்கேற்ப லைசென்ஸ் கிடைக்கும். ஹாலிவுட் படம் ஒன்றுக்கான லைசென்ஸை விற்றாலே நல்ல காசு. அதனால் லைசென்ஸுக்காகவே படம் எடுத்தவர்கள் நிறையப் பேர். எடுத்த படம் ஓடினால் என்ன, பெட்டியிலேயே கிடந்தால் என்ன!

கொன்சாலஸுக்குப் படம் ஓட வேண்டும். அதுவும் அட்லாண்டிக்குக்கு அந்தப் பக்கமும் ஓட வேண்டும். ஸ்பானிஷ் பேசும் அத்தனை நாடுகளும் அவர் கண்ணுக்கு ஒரே சந்தை. பிழைக்கப் போன இடத்தின் ஜனங்களுக்கு எந்த முகம் பிடிக்கும், எந்தப் பாட்டு பிடிக்கும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. மெக்சிகோவின் பெரிய நட்சத்திரம் மரியா ஃபெலிக்ஸை 1948இல் 'மாரே நோஸ்ட்ரம்' படத்துக்காக ஸ்பெயினுக்கே வரவழைத்தார். 1951இல் ஸ்பெயினின் பாடகி, நடிகை லோலா ஃப்ளோரஸை 60 லட்சம் பெசெட்டாவுக்கு (அப்போதைய ஸ்பானிஷ் நாணயம்) ஒப்பந்தம் செய்தார். அந்தக் காலத்தில் ஊரே வாய்பிளந்த தொகை. படங்களோடு நிற்காமல் அவரை அமெரிக்கக் கண்டத்து நாடுகளுக்கு மேடை நிகழ்ச்சிகளுக்கும் அனுப்பினார். நடிகை முன்னே போனால் படப்பெட்டிக்குத் தானே வழி பிறக்கும் என்ற கணக்கு. விளம்பரம், விற்பனை, தயாரிப்பு மூன்றையும் அவர் தனித்தனியாகப் பார்க்கவே இல்லை.

அவர் ஆட்சியோடு ஒத்துப்போன மனிதர். அதை மறைத்துப் பேச எனக்கு விருப்பமில்லை. ஆனால் ரகசியமாகக் கம்யூனிஸ்ட் கட்சியில் இருந்த டைரக்டர் பார்தெமின் 'முவெர்த்தே தே உன் சிக்லிஸ்தா' படத்தில் பணம் போட்டவர்களில் அவரும் ஒருவர். கள்ளக்காதலர்கள் இருவர் ஒரு சைக்கிள்காரனைக் காரால் அடித்துவிட்டு, சாக விட்டுப் போகிற கதை. 1955இல் கான் திரைப்பட விழாவில் விமர்சகர்கள் பரிசு வாங்கியது. அடுத்து பார்தெமின் 'கயே மயோர்'. 1956இல் படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போதே பார்தெமைப் போலீஸ் பிடித்துப்போனது. வெளியே வந்து அவரே படத்தை முடித்தார். வெனிஸில் அதற்கும் விமர்சகர்கள் பரிசு. இந்த இரண்டு படங்களுக்கும் பின்னால் லோலா ஃப்ளோரஸ் படங்கள் சம்பாதித்துக் கொடுத்த பணமும், எந்த ஊரில் யார் வாங்குவார் என்ற கொன்சாலஸின் அறிவும் இருந்தன என்றே நான் நம்புகிறேன். நான் அவரை மதிப்பது இதற்காகத்தான்.

1968இல் இறந்தார். டைரக்டர்களின் பெயர்தான் நமக்கு நினைவிருக்கிறது. அது எனக்கு எப்போதும் வருத்தமாகவே இருக்கும்.

சரி, உன் விஷயத்துக்கு வருகிறேன். அங்கே உன்னிடம் ஒப்பந்தங்களைக் கொடுத்தால் மேலோட்டமாகப் படிக்காதே. எந்த நாட்டுக்கு, எத்தனை வருஷத்துக்கு, தியேட்டருக்கா டிவிக்கா என்று ஒவ்வொரு வரியாகப் பார். சீனியர்களிடம் கூச்சப்படாமல் கேள். பழைய படங்களை போடும் தோரே தியேட்டர் உங்கள் ஊரில்தான் இருக்கிறது. 'கயே மயோர்' வந்தால் விட்டுவிடாதே. இப்போது மெக்சிகோ, அர்ஜென்டினா உரிமைகளைச் சேர்த்து விற்கிறார்களா, பிரித்தா? அடுத்த முறை பேசும்போது எனக்கு விவரமாகச் சொல். நேரத்துக்குச் சாப்பிடு.

அன்புடன்,
அப்பா