மாதத் தவணையை மட்டும் பார்த்தால் போதாது

ஆசிரியருக்கு வணக்கம்.

வீட்டுக் கடன் வாங்குவோர் "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்பதோடு நின்றுவிடுகிறார்கள். 30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு என்றால் மாதத் தவணை ஏறத்தாழ 26,035 ரூபாய். கட்டி முடிக்கும்போது மொத்தம் 62 லட்சத்தைத் தாண்டிவிடும். முதல் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்கே போகிறது. அசலில் கழிவது 4,785 மட்டும்.

பலர் கவனிக்காதது மாறும் வட்டியைத்தான். தொடக்கத்திலேயே வட்டி 9.5 ஆகி, தவணை மாறாமல் இருந்தால், 240 மாதக் கடன் சுமார் 309 மாதமாக நீளும். தவணை கூடாததால் வீட்டில் யாருக்கும் இது தெரிவதே இல்லை. தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்வு செய்யும் வாய்ப்பைக் கடன்தாரருக்குத் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டிருக்கிறது. எழுத்துபூர்வமாகக் கேளுங்கள். ஆண்டுதோறும் கணக்கு அறிக்கை வாங்கி, மீதமுள்ள மாதங்களைச் சரிபாருங்கள்.

கடனோடு சேர்த்துத் தரப்படும் காப்பீட்டிலும் எச்சரிக்கை தேவை. 60,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே ஏற்றினால், 20 ஆண்டில் அதற்கு மட்டும் சுமார் 1.25 லட்சம் கட்டுவீர்கள். தனியாக டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கு மட்டுமான ஆயுள் காப்பீடு) எடுப்பதே நல்லது.

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைக்க அபராதம் கிடையாது. ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே, கடன் மூன்று ஆண்டுகளுக்கு முன்பே முடியும். அப்படிக் கட்டும்போது, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுங்கள்.

– வாசகர், மதுரை