எண்பது மணி நேரப் படமும் உன் இருபது நிமிடமும்

அன்புள்ள முரளி,

ஏழு மாதமாகிவிட்டது, தெரியும். திட்டுவதை நேரில் வைத்துக்கொள். அம்மா நலம், மூட்டுவலி அப்படியே. சேகர் வீடு மாறிவிட்டான். பழைய கணக்கைப் பற்றி மூச்சு விடுவதில்லை.

உன் மஞ்சள் சுவரைக் காட்டி, "இதையே படமா எடுக்கலாம்டா" என்பாயே, அதை ஒருத்தர் 1966லேயே செய்துவிட்டார். கிரெகரி மார்க்கபூலஸ். நியூயார்க்கில் தான் குடியிருந்த அறையை, அப்புறம் வெட்டி ஒட்டாமல் எடுக்கும்போதே கேமராவுக்குள் எடிட் செய்து, ஏழு நிமிடப் படமாக்கினார். இரண்டு வாரமாக அவர் நினைப்புதான் எனக்கு.

கிரேக்கத்திலிருந்து பிழைக்கப்போன குடும்பம். பிறந்தது 1928இல், ஒஹையோவில். நியூயார்க் சோதனைப் படக்காரர்களில் பெரிய பெயர் எடுத்த நேரத்தில், 1967இல், நண்பர் ராபர்ட் பீவர்ஸோடு ஐரோப்பா போய்விட்டார். போனதோடு விடவில்லை. படங்களை யாருக்கும் காட்டக்கூடாது என்று திரும்பப் பெற்றுக்கொண்டார். சோதனைப் படங்களைப் பற்றிய ஒரு புத்தகத்தில் தன்னைப் பற்றி இருந்த அத்தியாயத்தை மறுபதிப்பிலிருந்து எடுக்கச் சொல்லுமளவுக்கு வீம்பு! (யார் ஞாபகம் வருகிறது?)

பிறகு, எடுத்த படங்களையெல்லாம் வெட்டி, ஒலியை நீக்கி, ஒரே படமாக ஒட்டினார். 'எனியாயோஸ்'. 22 பகுதிகள், சுமார் 80 மணி நேரம். நீண்ட இருட்டு, நடுவில் கண் சிமிட்டும் நேரம் ஒரு முகம், மறுபடி இருட்டு. அதைத் திரையிட அவர் தேர்ந்த இடம் கிரேக்கத்தில் ஆர்க்கேடியா மலையில், தன் அப்பாவின் ஊரான லிசாரியா. ஊருக்கு வெளியே, திறந்தவெளியில், ராத்திரி. அங்கே அது ஓடுவதைப் பார்க்காமலே 1992இல் போய்விட்டார்.

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. பார்க்க ஆசைப்பட்டவனை இத்தனை வருஷம் காக்க வைப்பது என்ன நியாயம்? அப்புறம்தான் பீவர்ஸ் கண்ணில் பட்டார். தானும் படமெடுப்பவர். நன்கொடை திரட்டி, பிரதி போட்டு, 2004, 2008, 2012, 2016, 2022 என்று சில சில பகுதிகளாக அதே மலையில் காட்டிவந்திருக்கிறார்.

முரளி, நீயும் உன் இருபது நிமிடப் படத்தை ஹார்ட் டிஸ்க்கில் போட்டுப் பீரோவில் பூட்டி ஒன்பது வருஷம் ஆகிறது. "இன்னும் சரியா வரலை" என்பதை நான் எத்தனை தடவை கேட்பது? உனக்குப் பீவர்ஸ் கிடையாது. நான்தான் இருக்கிறேன். எனக்கு எடிட்டிங்கும் தெரியாது, சர்க்கரை வேறு 240.

பொங்கலுக்கு டிஸ்க்கோடு வா. மொட்டைமாடி இருக்கிறது, அப்பாவின் எட்டு முழ வேட்டி இருக்கிறது. சேகரைக் கூப்பிட வேண்டாம், டைட்டிலிலேயே குறட்டை விடுவான்.

உன்,
கண்ணன்